மூன்று நாளும் ஒரே படம்

1984 அக்டோபர் 31, புதன்கிழமை. அப்போது ஏற்காட்டில் ஓர் அரசு அலுவலகத்தில் எழுத்தராக இருந்தேன். காலை ஒன்பதரை மணிக்குள் டெல்லியில் இந்திரா காந்தி சுடப்பட்டுவிட்டார். மதியம் பிபிசி, அவர் இறந்துவிட்டதாகச் சொன்னது. காரைக்காலில் பிரெஞ்சு வழியில் படித்தவன் நான். அந்த இங்கிலீஷை இரண்டு தரம் கேட்டுத்தான் நம்பினேன். மேற்கு வங்கத்தில் இருந்த ராஜீவ் காந்தியே பிபிசியைத்தான் கேட்டுக்கொண்டிருந்தார் என்று பிற்பாடு படித்தேன். நம் அகில இந்திய வானொலி மாலைவரை வாய் திறக்கவில்லை. தூர்தர்ஷனில் சல்மா சுல்தான் செய்தியை வாசித்தபோது, சுட்டுப் பத்து மணி நேரத்துக்கு மேல் ஆகியிருந்தது.

அன்று ஏற்காட்டில் டிவி என்பது அபூர்வம். ஒரு எஸ்டேட் பங்களாவில் உயரமாக ஆன்டெனா கட்டியிருந்தார்கள். படத்தில் பாதி புள்ளிதான். அங்கே தினமும் எங்களோடு வந்து தரையில் உட்கார்ந்தவர் எங்கள் அலுவலக டபேதார். அவர் மகன் லாரி கிளீனர்; சேலத்திலிருந்து ஜவ்வரிசி லோடு ஏற்றிக்கொண்டு டெல்லிக்குப் போயிருந்தான்.

நவம்பர் 3 தகனம் வரை ஏறக்குறைய ஒரே காட்சி. தீன்மூர்த்தி பவன், மலர்களுக்கு நடுவே உடல், நகரும் வரிசை, சோக இசை. 'ரத்தத்துக்கு ரத்தம்' என்று இந்தியில் எழுந்த கோஷம்கூட ஒலிபெருக்கியில் வந்தது. ஊர் எரிவது மட்டும் வரவில்லை. டெல்லியில் மட்டும் 2,733 பேர் கொல்லப்பட்டதாக அரசு கணக்குச் சொன்னது, அதுவும் 1987-இல்தான்.

"சார், லாரி ஏதாச்சும் காட்டறாங்களா?" என்று டபேதார் கேட்டுக்கொண்டே இருப்பார். நான் என்ன சொல்ல? "அமைதின்னுதான் சொல்றாங்க" என்பேன்.

(1991 ஜனவரியில் வளைகுடாப் போரை நேரடியாகக் காட்டியதாக சிஎன்என்னைப் புகழ்வார்கள். பாக்தாத்தில் குண்டு விழுந்த முதல் இரவில் அவர்களிடமும் படம் கிடையாது. ஓட்டல் அறையிலிருந்து மூன்று நிருபர்களின் குரல்தான். படம் இல்லாமலே உலகம் விஷயத்தைத் தெரிந்துகொண்டது. நமக்கு மூன்று நாளும் படம் இருந்தது.)

பன்னிரண்டு நாள் கழித்துப் பையன் வந்து சேர்ந்தான். மதுராவுக்கு அப்பால் ஒரு தாபாவில் டிரைவர் வண்டியை ஓரங்கட்டி, லைட்டை அணைத்துவிட்டாராம். முன்னால் நின்ற லாரி ஒரு சர்தார்ஜியுடையது. அதைக் கொளுத்தியதை இவன் வண்டிக்கு அடியில் படுத்தபடி பார்த்திருக்கிறான். டிரைவர் என்ன ஆனார் என்று அவன் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை.

கொஞ்ச நேரம் கழித்து அவனே கேட்டான்: "நீங்கல்லாம் டிவியில பாத்திருப்பீங்களே, சார்?"