தாதியர் ஏன் எரிந்து தீர்கிறார்கள்? ஒன்றரை நூற்றாண்டுக் கதை

ஏறத்தாழ இருபது ஆண்டுகளுக்கு முன்னர் நான் பணியாற்றிய பத்திரிகையில் ஒரு சிறு செய்தி வெளியானது. அரசாங்க வைத்தியசாலை ஒன்றில் இரவுக் கடமையிலிருந்த தாதி, வலியால் முனகிய முதியவர் ஒருவரை ஏசினார் என்றும், பலமுறை அழைத்தும் வரவில்லை என்றும் உறவினர்கள் முறையிட்டிருந்தார்கள். "இரக்கமற்ற தாதி" என்று அச்செய்திக்குத் தலைப்பிட்டவன் நான். நல்ல தலைப்பு என்று ஆசிரியர் பீடத்தில் பாராட்டும் கிடைத்தது.

சில மாதங்களின் பின்னர் என் தாயார் வேறொரு வைத்தியசாலையில் அனுமதிக்கப்பட்டார். பெண்கள் விடுதியாகையால் நான் வாசலுக்கு வெளியே ஒரு வாங்கில் நான்கு இரவுகள் உட்கார்ந்திருந்தேன். நாற்பதுக்கும் மேற்பட்ட நோயாளர். கட்டில் இல்லாதவர்களுக்குத் தரையில் பாய். இரவு ஏழு மணியிலிருந்து காலை ஏழு மணி வரை அவர்கள் அனைவருக்கும் ஒரு தாதியும் ஒரு பயிற்சித் தாதியும். மூன்றாம் இரவு, இரண்டு மணியளவில் ஒரு நோயாளி இறந்துபோனார். உடலைத் துணியால் சுற்றி அனுப்பிய கையோடு அந்தத் தாதி ஊசி மருந்துத் தட்டை எடுத்துக்கொண்டு அடுத்த கட்டிலுக்குப் போனதை நான் வாசலில் இருந்து பார்த்தேன். விடியப்புறம் அம்மா தண்ணீர் கேட்டபோது அவர் சினந்து ஏதோ சொன்னாராம். அரை மணித்தியாலம் கழித்துத் தண்ணீருடன் வந்து, "குறை நினையாதேங்கோ அம்மா" என்றாராம். காலையில் அம்மா இதைச் சொன்னபோது எனக்கு என் தலைப்பு நினைவுக்கு வந்தது.

அந்த வெட்கமே இக்கட்டுரைக்குக் காரணம். தாதியரின் இந்தக் களைப்புக்கு ஒரு வரலாறு உண்டு. அதை அறிந்தால், தனியொருவரின் குணக்குறை என்று நாம் எழுதித் தள்ளும் பல விடயங்கள் வேறு விதமாகத் தெரியும்.

நவீன தாதியத்தின் கதையைப் புளோரன்ஸ் நைட்டிங்கேலிலிருந்து தொடங்குவது வழக்கம். 1854 ஒக்டோபரில் 38 தாதியருடன் லண்டனிலிருந்து புறப்பட்ட அவர், நவம்பரில் துருக்கியின் ஸ்கூட்டாரி இராணுவ வைத்தியசாலையை அடைந்தார். இரவில் விளக்கேந்தி நோயாளரிடையே நடந்த சீமாட்டி என்ற சித்திரம் உலகெங்கும் பரவியது. நம் பாடப்புத்தகங்களிலும் அதுதான் இருந்தது. ஆனால் அக்கதையின் மறுபாதியைப் பாடப்புத்தகங்கள் சொல்வதில்லை. 1855 மே மாதத்தில் அவர் கடும் காய்ச்சலில் விழுந்தார். 1856இல் நாடு திரும்பியவர், 1857 முதல் பல ஆண்டுகளைப் பெரும்பாலும் படுக்கையிலேயே கழித்தார். 1910இல் தமது 90ஆவது வயதில் இறக்கும்வரை பழைய உடல்நலம் மீளவில்லை. அவரது நோய் கிருமியால் வந்தது என்பதே பல மருத்துவ வரலாற்றாசிரியர்களின் கருத்து. அதைத் தொழிற்களைப்பு என்று நான் சொல்ல வரவில்லை. விளக்கை ஏந்தியவர் நோயில் விழுந்ததை மறந்துவிட்டு, விளக்கை மட்டும் நாம் நினைவில் வைத்துக்கொண்டோம் என்பதையே சொல்கிறேன்.

1860இல் லண்டன் புனித தோமஸ் வைத்தியசாலையில் அவரது பெயரால் தாதியர் பயிற்சிக் கல்லூரி ஆரம்பமாயிற்று. அந்த முறை பல நாடுகளுக்கும் பரவியபோது அதனுடன் ஒரு குறையும் பரவியது. வைத்தியசாலைகள் பயிற்சி மாணவியரை மலிவான வேலையாட்களாகப் பயன்படுத்தத் தலைப்பட்டன. தாதியம் ஒரு தொண்டு, தொண்டுக்கு நேரக்கணக்கு இல்லை என்ற எண்ணம் இதற்குத் துணைநின்றது.

இந்த எண்ணம் முதலில் சட்டத்துடன் மோதிய இடங்களுள் ஒன்று அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம். பெண் தொழிலாளருக்கு நாளொன்றுக்கு 8 மணித்தியாலம், வாரத்துக்கு 48 மணித்தியாலம் என்று அங்கிருந்த வேலைநேர வரம்பு 1913இல் வைத்தியசாலைகளின் மாணவத் தாதியருக்கும் விரிவாக்கப்பட்டது. அது வழக்காகி அமெரிக்க உயர்நீதிமன்றம் வரை சென்றது. 1915இல் நீதிமன்றம் சட்டத்தை உறுதிசெய்தது. பட்டம் பெற்ற தாதியருக்கு மட்டும் அச்சட்டத்தில் பாதுகாப்பு இருக்கவில்லை.

அக்காலத்தில் தொழிலாளரின் களைப்பை ஆராய்ந்து 1912இல் நூல் வெளியிட்டவர் ஜோசபின் கோல்ட்மார்க் என்ற பெண்மணி. தொழிற்சாலைக் களைப்பை ஆராய்ந்த அவரே 1923இல் அமெரிக்கத் தாதியர் கல்வி பற்றிய புகழ்பெற்ற அறிக்கையையும் தயாரித்தார். மாணவியரின் கல்வி விடுதி வேலைக்குப் பலியாகிறது என்பது அவ்வறிக்கையின் முக்கிய முறைப்பாடு. ஆலைத் தொழிலாளியின் உடலும் தாதியின் உடலும் ஒரே உடல்தான் என்பதை ஒருவர் தம் வாழ்நாள் ஆய்வில் கண்டறிந்தார் என்று இதைக் கொள்ளலாம்.

ஆயினும் உடற்களைப்பு கதையின் ஒரு பகுதி மட்டுமே. உள்ளத்தின் பகுதியை முதலில் ஆழமாகத் தொட்டவர் லண்டன் டவிஸ்டொக் நிறுவனத்தைச் சேர்ந்த இசபெல் மென்சிஸ். லண்டனின் பெரிய போதனா வைத்தியசாலை ஒன்றில் அவர் நடத்திய ஆய்வு 1960ஐ ஒட்டி வெளியாயிற்று. மாணவத் தாதியரில் மூன்றிலொரு பங்கினர் பயிற்சியை முடிக்காமலே விலகிச் சென்றுகொண்டிருந்தனர். காரணம் தேடிச் சென்றவர் கண்டது இது: மரணம், வலி, அருவருப்பு ஆகியவற்றுடன் நாள்தோறும் பழகுவதால் எழும் அச்சத்தை அடக்குவதற்காகவே வைத்தியசாலை தன் நடைமுறைகளை அமைத்திருந்தது. ஒரு தாதி ஒரு நோயாளியை முழுமையாகக் கவனிப்பதில்லை. எல்லா நோயாளருக்கும் ஒரு வேலையை மட்டும் செய்துவிட்டு நகர்வார். நோயாளரைப் பெயரால் அல்லாமல் கட்டில் இலக்கத்தாலோ நோயுற்ற உறுப்பாலோ குறிப்பிடுவார்கள். அட்டவணைப்படி நடக்க வேண்டும் என்பதற்காக, உறங்கிக்கொண்டிருந்த நோயாளியை எழுப்பி உறக்க மாத்திரை கொடுத்ததும் நடந்தது.

இந்த ஏற்பாடு அச்சத்தைக் குறைக்கவில்லை, தாதியருக்குக் கிடைத்திருக்கக்கூடிய மனநிறைவையே பறித்தது என்பது மென்சிஸ் கண்ட முடிவு. அக்கறையுள்ள மாணவியரே அதிகமாக விலகிச் சென்றார்கள் என்பதையும் அவர் கவனித்தார். வாசகர்கள் இந்த ஒரு வரியை மனதில் இருத்த வேண்டும். எரியாதது எரிந்து தீர்வதில்லை. இரக்கமற்றவருக்கு இந்தத் துன்பம் வருவது அரிது.

மென்சிஸ் விவரித்த நிலைக்கு அன்று பெயர் இருக்கவில்லை. 1960இலேயே கிறஹாம் கிறீன் கொங்கோவின் தொழுநோய் மருத்துவமனையைக் களமாகக் கொண்டு எழுதிய நாவலின் தலைப்பில் 'எரிந்து தீர்ந்தவர்' என்ற பொருள்படும் சொல் இடம்பெற்றது. அதனை உளவியலுக்குக் கொண்டுவந்தவர் ஹேர்பேர்ட் பிராய்டன்பேர்கர். ஜேர்மனியில் பிறந்து நாஜிகளிடமிருந்து தப்பி அமெரிக்கா வந்த யூதர் அவர். நியூயோர்க்கின் இலவச மருத்துவ நிலையம் ஒன்றில் பகல் வேலைக்குப் பின் இரவில் தொண்டாற்றியபோது, தம்மிடமும் சக தொண்டர்களிடமும் கண்ட நிலையை 1974இல் 'பேர்ன் அவுட்' என்று பெயரிட்டு எழுதினார். அதே காலத்தில் கலிபோர்னியாவில் கிறிஸ்டினா மஸ்லாக் இதனை ஆராய்ந்துகொண்டிருந்தார். 1981இல் சூசன் ஜாக்சனுடன் சேர்ந்து அவர் வெளியிட்ட அளவுகோல் இன்றும் பயன்பாட்டில் உள்ளது.

அவர்கள் மூன்று அடையாளங்களைச் சொன்னார்கள். முதலாவது, உணர்ச்சி வற்றிப்போதல்: மற்றவருக்குக் கொடுக்க உள்ளத்தில் எதுவும் மீதமில்லை என்ற நிலை. இரண்டாவது, நோயாளியை மனிதராக அல்லாமல் ஒரு பொருளாகக் காண்பது. கடுஞ்சொல்லும் அலட்சியமும் இங்கிருந்தே பிறக்கின்றன. மூன்றாவது, நான் செய்யும் வேலையால் யாருக்கும் பயனில்லை என்ற எண்ணம். என் செய்தித் தலைப்பு இரண்டாவது அடையாளத்தை மட்டுமே கண்டது. முதலாவதை அது தேடவில்லை.

2019இல் உலக சுகாதார நிறுவனம் இதனை நோய் என்று அல்லாமல், தொழில் சார்ந்த நிலை என்று வரையறுத்தது. 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த நோய் வகைப்பாட்டிலும் அவ்வாறே உள்ளது. வேலையிடத்தில் முறையாகக் கையாளப்படாத நீண்டகால அழுத்தத்தின் விளைவு என்பது அதன் பொருள். இந்த வரையறையில் நியாயம் இருக்கிறது. நோய் என்றால் மருந்து தாதிக்கு. தொழில் நிலை என்றால் மருந்து வைத்தியசாலைக்கு.

விளைவுகளை எண்களால் நிறுவியவர் பென்சில்வேனியப் பல்கலைக்கழகத்தின் லிண்டா எய்க்கன். 168 வைத்தியசாலைகள், 10,184 தாதியர், 232,342 சத்திரசிகிச்சை நோயாளர் பற்றிய தரவுகளைக் கொண்டு 2002இல் அவரது குழுவினர் வெளியிட்ட ஆய்வு மருத்துவ உலகை உலுக்கியது. ஒரு தாதியின் பொறுப்பில் ஒரு நோயாளி கூடும்போது, நோயாளர் 30 நாட்களுக்குள் இறக்கும் வாய்ப்பு 7 வீதம் கூடியது. தாதி எரிந்து தீரும் வாய்ப்பு 23 வீதம் கூடியது. களைத்து அதிருப்தியுற்றிருந்த தாதியரில் 43 வீதத்தினர் ஓராண்டுக்குள் வேலையை விட எண்ணியிருந்தனர்; அவ்வாறில்லாதவரில் இது 11 வீதம் மாத்திரமே. 2014இல் ஒன்பது ஐரோப்பிய நாடுகளின் 300 வைத்தியசாலைகளில் நடந்த ஆய்வும் மரண வாய்ப்பில் அதே 7 வீதத்தைக் காட்டியது. ஒருவர் விலகினால் அவரது சுமை எஞ்சியவர் தலையில் விழுகிறது. அந்தச் சுமை அடுத்தவரை விலகச் செய்கிறது. இந்தச் சுழலில் கடைசியாக அகப்படுபவர் நோயாளி.

அப்படியானால் தடுக்க வழி என்ன? வரலாறு இதற்கும் விடை வைத்திருக்கிறது. 1913இல் வேலைநேரத்துக்கு வரம்பு கட்டிய அதே கலிபோர்னியா, 1999இல் ஒரு தாதிக்கு இத்தனை நோயாளர் என்ற உச்ச வரம்பையும் சட்டமாக்கியது. 2004 ஜனவரியில் அது நடைமுறைக்கு வந்தது. பொது விடுதிகளில் ஒருவருக்கு 6 பேர், 2005இலிருந்து 5 பேர். தீவிர சிகிச்சைப் பிரிவில் 2 பேர். ஆறிலிருந்து ஐந்தாகக் குறைப்பதை ஆளுநர் ஆர்னோல்ட் சுவார்செனேகர் ஒத்திவைக்க முயன்றபோது தாதியர் தெருவில் இறங்கினர். நீதிமன்றமும் அவர்கள் பக்கம் நின்றது. சட்டமில்லாத பிற மாநிலங்களைவிடக் கலிபோர்னியத் தாதியரிடம் இந்தக் களைப்பு குறைவு என்று 2010இல் எய்க்கன் குழுவினரே எழுதினார்கள். அவுஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலம் 2000இல் தொழிற்சங்கப் பேச்சுவார்த்தை வழியாகவும், 2015இல் சட்டமாகவும் இதைச் செய்தது.

எண்ணிக்கை மட்டும் போதாது. 1983இல் அமெரிக்கத் தாதியர் கழகம் 163 வைத்தியசாலைகளை ஆராய்ந்து, தாதியர் விலகிச் செல்லாத 41 வைத்தியசாலைகளை இனங்கண்டது. அங்கெல்லாம் தாதியரின் சொல்லுக்கு மதிப்பிருந்தது. முடிவெடுப்பதில் அவர்களுக்கும் பங்கிருந்தது. மஸ்லாக்கும் மைக்கல் லெய்ற்றரும் 1997இல் ஆறு காரணிகளை வகுத்தனர்: வேலைப்பளு, வேலைமீது தமக்குள்ள அதிகாரம், வெகுமதி, சகபாடிகளின் உறவு, நீதி, விழுமியம். மூச்சுப் பயிற்சி வகுப்பு நடத்துவதால் இவற்றில் ஒன்றுகூடச் சீராகாது. பொஸ்டனில் 1995இல் புற்றுநோயால் இறந்த சட்டத்தரணி கென்னத் சுவார்ட்ஸின் நினைவாகத் தொடங்கிய ஓர் ஏற்பாடும் குறிப்பிடத்தக்கது. வைத்தியரும் தாதியரும் ஒன்றுகூடி, தம்மைப் பாதித்த நோயாளர் பற்றியும் மரணங்கள் பற்றியும் மனம்விட்டுப் பேசுவார்கள். இறந்தவரின் உடலைச் சுற்றிய கையோடு ஊசித் தட்டை எடுக்க வேண்டியிருந்த அந்தப் பெண்ணுக்கு அப்படிப் பேச ஓர் இடம் இருந்ததா என்று நான் பலமுறை நினைத்ததுண்டு.

நம் தாதியரின் சுமையில் வேறு எடைகளும் உண்டு. 1987 ஒக்டோபர் 21, 22ஆம் திகதிகளில் யாழ். வைத்தியசாலைக்குள் இந்திய இராணுவத்தினர் புகுந்து சுட்டதில் நோயாளருடன் வைத்தியரும் தாதியரும் ஊழியரும் உயிரிழந்தார்கள். எஞ்சியவர்கள் அதே விடுதிகளுக்குக் கடமைக்குத் திரும்பினார்கள். 2009 வரை போர் தொடர்ந்தது. அவர்களது உள்ளத்தைப் பற்றி அக்காலப் பத்திரிகைகளில் நாங்கள் எழுதியது மிகச் சொற்பம். பின்னர் கொவிட் வந்தது. அதன்பின் 2022இன் பொருளாதார நெருக்கடி வந்தது. அரச ஊழியர் சம்பளமற்ற விடுமுறையில் ஐந்தாண்டு வரை வெளிநாடு சென்று உழைக்க அரசே வழிசெய்தது.

2025இல் வெளியான உலக சுகாதார நிறுவன அறிக்கையின்படி, 2023இல் உலகில் 2 கோடியே 98 இலட்சம் தாதியர் இருந்தனர். பற்றாக்குறை 58 இலட்சம். செல்வந்த நாடுகள் இந்த வெற்றிடத்தை வறிய நாடுகளிலிருந்து நிரப்புகின்றன. லண்டனிலும் ரொறன்ரோவிலும் மெல்பேர்னிலும் தாதியராகப் பணியாற்றும் நம் பெண்களும் ஆண்களும் இக்கட்டுரையை வாசிக்கக்கூடும். அவர்கள் விட்டுச்சென்ற விடுதியில் யார் நிற்கிறார்கள் என்ற கேள்வியை அவர்களிடம் கேட்பது நியாயமன்று. கேட்க வேண்டியது, அந்த விடுதியை அவ்வாறு வைத்திருந்தவர்களிடம்.

வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த முறை வைத்தியசாலையில் ஒரு கடுஞ்சொல் காதில் விழுந்தால் முறையிடுங்கள். அது உங்கள் உரிமை. ஆனால் முறைப்பாட்டில் இன்னொன்றையும் சேர்த்து எழுதுங்கள்: அன்றிரவு அந்த விடுதியில் எத்தனை நோயாளர் இருந்தார்கள், எத்தனை தாதியர் இருந்தார்கள்? நான் அன்று கேட்கத் தவறியது அந்த ஒரு கேள்வியைத்தான்.