அசையாத வ.உ.சி.

தூத்துக்குடிக்காரங்ககிட்ட வ.உ.சி.யின் முகத்தை நினைச்சுப் பாருங்கன்னு சொன்னா, பாதிப் பேருக்கு மேல் சிவாஜி கணேசன்தான் வருவார். எனக்கும் அப்படித்தான். சுதந்திர தினமானால் தூர்தர்ஷனில் ‘கப்பலோட்டிய தமிழன்’ போடுவார்கள்; தெருவே ஒரு டி.வி. முன்னால் உட்கார்ந்திருக்கும். சிவாஜி செக்கு இழுக்கும்போது எங்கள் ஆச்சி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொள்வாள். “நம்ம ஊர்க்காரரை என்ன பாடு படுத்திருக்கானுவ பாருல” என்பாள். அவள் அழுதது வ.உ.சி.க்கா, சிவாஜிக்கா என்று பிரித்துச் சொல்ல முடியாது.

வ.உ.சி. பற்றிய ஆவணப்படங்கள், தொலைக்காட்சி நிகழ்ச்சிகள் எனக் கண்ணில் பட்டதையெல்லாம் பார்த்து வருகிறேன். எல்லாவற்றிலும் அவர் அசையாமல்தான் இருக்கிறார். அதே சில புகைப்படங்கள். கேமரா அவற்றை நெருங்கிப் போகும், பிறகு விலகி வரும். பின்னணியில் ஒரு கம்பீரமான குரல். அசைய வேண்டிய இடம் வந்தால் சிவாஜியைக் கொஞ்சம் வெட்டி ஒட்டிவிடுவார்கள்.

சினிமா இல்லாத காலத்து மனிதர் அல்ல வ.உ.சி. 1912 டிசம்பரில் சிறையிலிருந்து வெளியே வந்தார். 1936 நவம்பர் 18 அன்று தூத்துக்குடியில் இறந்தார். இதற்கு நடுவில் மௌனப்படம் வந்தது, 1931இல் ‘காளிதாஸ்’ வந்து சினிமா பேசவும் தொடங்கிவிட்டது. காந்தியைப் பற்றி ஏ.கே. செட்டியார் 1940இல் ஆவணப்படம் வெளியிட்டார். உலகம் முழுக்க அலைந்து, பலர் எடுத்து வைத்திருந்த படச்சுருள்களைத் தேடிச் சேர்த்து அதை உருவாக்கினார். காந்தி போன இடமெல்லாம் கேமரா போயிருந்ததால் அது முடிந்தது. கோவில்பட்டியில் வழக்காடிக்கொண்டிருந்த ஒரு முன்னாள் ராஜதுரோகக் கைதியைத் தேடி யார் கேமரா தூக்கி வரப்போகிறார்கள்?

அவருடைய முதல் பாதி சினிமாவுக்கென்றே அமைந்தது போல இருக்கும். 1906 அக்டோபர் 16இல் சுதேசி ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனி பதிவானது. மூலதனம் 10 லட்சம் ரூபாய், பங்கு ஒன்று 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். ஹாஜி முகமது பக்கீர் சேட் ஒருவரே 8,000 பங்குகள் வாங்கினார். காலியா, லாவோ என்று இரண்டு கப்பல்கள் வந்தன. தூத்துக்குடி–கொழும்பு வழித்தடத்தைக் கையில் வைத்திருந்த பிரிட்டிஷ் இந்தியா கம்பெனி கட்டணத்தை ஒரு ரூபாயாக இறக்கியது; கடைசியில் இலவசம் என்றது, கூடவே குடையும் தந்தது. 1908 பிப்ரவரியில் கோரல் மில் வேலைநிறுத்தம். மார்ச்சில் கைது, மறுநாள் திருநெல்வேலி எழுச்சி, துப்பாக்கிச் சூட்டில் நான்கு பேர் சாவு. ஜூலையில் இரட்டை ஆயுள் தண்டனை. மேல்முறையீட்டில் அது குறைந்தது. கோயம்புத்தூர், கண்ணனூர் சிறைகள்.

பி.ஆர். பந்துலு 1961இல் இதையெல்லாம் எடுத்தார். ம.பொ.சிவஞானத்தின் புத்தகம்தான் அடிப்படை. படம் தேசிய விருது வாங்கியது, ஆனால் தியேட்டரில் ஓடவில்லை. வ.உ.சி.யின் மகன் படம் பார்த்துவிட்டு, தன் அப்பாவையே நேரில் பார்த்தது போல இருந்ததாகச் சொன்னாராம். சிவாஜி அதைத் தனக்குக் கிடைத்த பெரிய விருதாகச் சொல்லியிருக்கிறார். மகனுக்கே அப்பாவின் அசைவு ஒரு நடிகரிடமிருந்துதான் திரும்பக் கிடைத்தது.

அதே படத்தில் ஜெமினி கணேசன் மாடசாமியாக வருகிறார், சாவித்திரியோடு காதல் செய்கிறார். நிஜ மாடசாமி ஒட்டப்பிடாரத்துக்காரர். 1911 ஜூன் 17இல் மணியாச்சியில் ஆஷ் சுடப்பட்ட வழக்கில் போலீஸ் தேடியபோது தப்பினார், கடைசிவரை பிடிபடவே இல்லை. தடயமே விடாமல் போனவருக்கு சினிமா ஒரு ஜோடியைக் கொடுத்திருக்கிறது. அதே வழக்கில் ஏழு வருஷ தண்டனை பெற்ற நீலகண்ட பிரம்மச்சாரி, பிறகு சாமியாராகி, நந்தி மலைப் பக்கம் 1978 வரை வாழ்ந்தார். அவர் உயிரோடு இருக்கும்போதே சென்னைக்குத் தொலைக்காட்சி வந்துவிட்டது.

எனக்கு உறுத்துவது வ.உ.சி.யின் இரண்டாம் பாதி. படத்தில் அவர் சிறையை விட்டு வெளியே வரும்போது வரவேற்கக் கூட்டமில்லை. தொழுநோயோடு சுப்பிரமணிய சிவா நிற்கிறார். மனசை அறுக்கிற காட்சி. ஆனால் அதற்கப்புறம் 24 வருஷம் இருக்கிறது. அது கடைசி ரீலில் அவசரமாகச் சுருங்கிவிடுகிறது.

அந்த வருஷங்களில் அவர் என்ன செய்தார்? சென்னையில் கடை வைத்துப் பார்த்தார். தென்னாப்பிரிக்கத் தமிழர்கள் தனக்காகத் திரட்டித் தந்த பணம் பற்றிக் காந்திக்குக் கடிதம் மேல் கடிதம் எழுதி, 1916இல் 347 ரூபாய் 12 அணா பெற்றார். தொழிலாளர்களிடையே வேலை செய்தார். ஒத்துழையாமையை ஏற்காமல் 1920இல் காங்கிரஸை விட்டார். 1927இல் சேலம் மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். வக்கீல் சன்னது திரும்பக் கிடைக்க உதவிய வாலஸ் என்ற வெள்ளைக்கார நீதிபதியின் நினைவாக மகனுக்கு வாலேசுவரன் என்று பெயர் வைத்தார். தொல்காப்பிய இளம்பூரணர் உரையைப் பதிப்பித்தார்.

இதில் எந்தக் காட்சிக்குப் பின்னணி இசை போடுவது? வெள்ளைக்காரக் கம்பெனியை எதிர்த்தவர் வெள்ளைக்கார நீதிபதிக்கு நன்றி சொல்கிறார். காந்திக்குக் கடிதம் எழுதியவர் காந்தியின் வழியை மறுக்கிறார். புரட்சிக்காரன் புரட்சிக்குப் பிறகும் அரிசி வாங்க வேண்டும், வாடகை கட்ட வேண்டும், யாரோடாவது சண்டை போட வேண்டும், யாருக்காவது நன்றி சொல்ல வேண்டும். திரைக்கு இது தோதுப்படாது. செக்குதான் தோதுப்படும், ஒரே ஷாட்டில் விஷயம் முடிந்துவிடும்.

2022 குடியரசு தின அணிவகுப்புக்கு வ.உ.சி. சிலையோடு தமிழ்நாடு அனுப்ப நினைத்த ஊர்தியை டெல்லி ஏற்கவில்லை. அந்த வாரம் முழுக்க டி.வி. விவாதங்களில் அவர்தான். ஊர்தி சென்னையில் ஓடியது, பிறகு மாநிலம் சுற்றியது. நல்ல விஷயம்தான். ஆனால் அப்போதும் சிலையாகவே வந்தார்.

யாராவது இளைஞர் இனி படம் எடுப்பதாக இருந்தால், செக்கைக் கொஞ்சம் தள்ளி வைக்கலாம். கேமராவை அவருடைய உயிலின் மேல் வைக்கலாம். 10 லட்சம் மூலதனத்தில் கம்பெனி தொடங்கியவர், சாகும் முன் துணிக்கடைக்கும் எண்ணெய்க்கடைக்கும் வைத்திருந்த பாக்கியை அதில் கணக்காக எழுதி வைத்திருக்கிறார். அந்த வரிகளை ஒருவர் நிதானமாக வாசித்தால் போதும். நடிக்க யாரும் தேவைப்படாது.