காயாம்பூ எங்கே?

ஸ்ரீரங்கத்தில் வளர்ந்த எனக்குக் காயாம்பூ என்பது பூ இல்லை, ஒரு நிறம். பெருமாளின் நிறம். 'காயாம்பூ வண்ணன்' என்று நாள் தவறாமல் சொன்ன எங்கள் வீட்டில் யாரும் அந்தப் பூவைப் பார்த்ததில்லை. திருப்பாவையின் 23ஆம் பாசுரத்தில் வரும் பூவைப்பூவும் காயாவும் ஒன்றுதான் என்பார்கள். ஒரு மார்கழிக் காலையில் கேட்டேன், "பூவைப்பூன்னா எது பாட்டி?" பாட்டி வேலியில் படர்ந்திருந்த சங்குப்பூவைக் காட்டினாள். "இதுதான்டா. வேற எது இவ்வளவு நீலமா இருக்கும்?" பல வருஷம் அதை நம்பினேன்.

சங்கப் புலவர்களுக்கு இந்தக் குழப்பம் இல்லை. குறிஞ்சிப்பாட்டில் கபிலர் அடுக்கும் பூக்களில் காயாவும் உண்டு. முல்லை நிலத்துப் புதர் அது. பூத்து நின்றால் மயில் போல இருக்கும் என்றார்கள். கொடியைப் பார்த்து யாரும் மயில் என்று சொல்லமாட்டார்கள், இல்லையா?

தாவரவியலில் இதன் பெயர் மெமிசிலான். 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் வில்லியம் ராக்ஸ்பர்க், சோழமண்டலக் கரைத் தாவரங்களைப் பற்றிய தன் நூலில் இதற்கு 'எடுலே' என்று பெயர் சேர்த்தார். உண்ணத்தக்கது என்று பொருள். சாயக்காரர்களோ பூவையும் பழத்தையும் விட்டுவிட்டு இலையைப் பறித்தார்கள். மண்ணிலுள்ள அலுமினியத்தை இலையில் சேர்த்துவைக்கும் செடி இது. சாயவேரின் சிவப்பு துணியில் நிலைத்து நிற்க அந்த அலுமினியம் உதவியது. கடல் கடந்து போன நம் சிவப்புத் துணிகளில் காயாவுக்கும் பங்கு உண்டு.

திருச்சி தூய வளனார் கல்லூரியில், கே.எம். மத்தேயு பாதிரியார் 1967இல் தொடங்கிய ராபினாட் ஹெர்பேரியம் இருக்கிறது. 1981 முதல் 1983 வரை வெளிவந்த 'தமிழ்நாடு கர்நாட்டிக்' தாவரத் தொகுதிகள் அங்கே உருவானவை. அங்கேதான் காயாவை முதலில் பார்த்தேன், ஒரு தாளில் ஒட்டிய காய்ந்த கிளையாக. இலை மஞ்சளாகியிருந்தது. பூ கறுத்திருந்தது. பெருமாள் நிறம் அதில் இல்லை.

காயா அழிந்துவிட்ட செடி இல்லை. மேற்குத் தொடர்ச்சி மலையிலும் இலங்கையிலும் இருக்கிறது. ஆனால் நம் பக்கத்தில் அதன் வீடு, கடற்கரையை ஒட்டிய குறுகலான பகுதியில் மட்டும் இருக்கும் உலர் பசுமைமாறாக் காடு. அந்தக் காட்டில் பெரும்பகுதி வயலாகவும் ஊராகவும் போய்விட்டது. புதுக்கோட்டைப் பக்கம் தைல மரம் வந்தது. மிச்சம் இருப்பது கோயில் காடுகளிலும் சில காப்புக்காடுகளிலும்தான்.

ஒரு கோடை மழைக்குப் பிறகு நார்த்தாமலைக்குப் போனேன். விஜயாலய சோழீச்சரத்துக்கு எதிரே உள்ள குடைவரையில் பன்னிரண்டு விஷ்ணு சிலைகள் வரிசையாக நிற்கின்றன. எல்லாம் கல்லின் பழுப்பு. கீழே இறங்கும்போது புதரில் பழுத்த குச்சியெல்லாம் நீலம். இலையில்லாத கணுக்களில் கொத்துக் கொத்தாகப் பூ, குண்டூசித் தலை அளவு மொட்டு. ஆடு மேய்த்துக்கொண்டிருந்த அம்மாவிடம் கேட்டேன். "காசாஞ்செடிங்க தம்பி. பழம் கறுத்தா திம்போம்" என்றார்.

அவருக்குச் செடி தெரிந்திருக்கிறது, வண்ணன் தெரியாது. எங்களுக்கு வண்ணன் தெரியும், செடி தெரியாது. போனில் எடுத்த படத்தைப் பாட்டிக்குக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தாள். "இத்தன நாளா தப்பா சேவிச்சிருக்கேனே" என்றாள். அடுத்த மார்கழிக்குள் ஒரு கன்று வாங்கிவரச் சொல்லியிருக்கிறாள். திருச்சி நர்சரிகளில் கேட்டுக்கொண்டே இருக்கிறேன்.