அஞ்சுதெங்கு முற்றுகை, 1721: பிட்டல்ப்பின் வாசிப்புக்கு ஒரு மறுப்பு

திருவனந்தபுரத்து வலியசாலைக்கு வரலாற்று ஆய்வாளர் யார் வந்தாலும் பேச்சு காந்தளூர்ச் சாலையில்தான் போய் நிற்கும். இராசராச சோழனின் மெய்க்கீர்த்தி குறிப்பிடும் சாலை இங்குள்ள மகாதேவர் கோயிலைச் சார்ந்ததா, அங்கே நடந்தது கடற்போரா அல்லது கோயில் ஊட்டு ஏற்பாட்டில் செய்த மாற்றமா என்று பல தலைமுறை அறிஞர்கள் வாதிட்டிருக்கிறார்கள். அதே வலியசாலையிலிருந்து வடக்கே ஏறத்தாழ 35 கிலோமீட்டரில் அஞ்சுதெங்குக் கோட்டை இருக்கிறது. 1721இல் அங்கே குடியிருந்த ஆங்கிலேயர்கள் ஆறு மாதம் முற்றுகையில் கிடந்தார்கள். அந்த நிகழ்ச்சிக்கு இப்படியொரு வாதம் வாய்க்கவில்லை. ஒருவர் எழுதிய கதையே நூறாண்டுக்கு மேலாகத் திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டு வருகிறது.

அந்த ஒருவர் கர்னல் ஜான் பிட்டல்ப். கில்கித்தில் பிரிட்டிஷ் அரசியல் ஏஜெண்டாக இருந்தவர். இந்துகுஷ் மலைக்குடிகளைப் பற்றி 1880இல் நூல் வெளியிட்டவர். மலபார்க் கடற்கொள்ளையரையும், இருநூறு ஆண்டுகளுக்கு முன் இந்தியாவில் வாழ்ந்த ஓர் ஆங்கிலப் பெண்ணையும் பற்றி 1907இல் அவர் எழுதிய நூலில்தான் அஞ்சுதெங்குக் கதை விரிவாக வருகிறது. அந்தப் பெண் காதரின் குக். அவருடைய மூன்றாம் கணவரான வில்லியம் கிஃபர்டு, கிழக்கிந்தியக் கம்பெனியின் அஞ்சுதெங்குப் பண்டகசாலைக்குத் தலைவராக இருந்தபோது கொல்லப்பட்டார்.

பிட்டல்ப் சொல்லும் கதையின் சுருக்கம் இது. கிஃபர்டு பேராசைக்காரர், மிளகு வியாபாரத்தில் சொந்த லாபம் தேடியவர், உள்ளூர் மக்களை மதிக்காதவர். பண்டகசாலைக்கு வியாபாரம் பேச வந்த முஸ்லிம் வணிகர்கள் சிலர் துவிபாஷியின் வீட்டில் காத்திருந்தார்கள். அந்த வீட்டுப் பெண் அவர்களில் ஒருவர்மீது ஹோலிப் பொடியை எறிந்தாள். அவர் வாளை உருவி அவளைக் காயப்படுத்தினார். நியாயம் கேட்டு வந்தவர்களின் வாள்களைக் கிஃபர்டு அவர்கள் தலைமீதே முறித்து, கோட்டையைவிட்டு விரட்டினார். ஊர் கொதித்தது. பிறகு அந்தப் பகுதியை ஆண்ட ஆற்றிங்கல் ராணிக்குரிய காணிக்கையுடன் கிஃபர்டு பெரும் பரிவாரத்தோடு போனார். இரவில் அத்தனை பேரும் தாக்கப்பட்டார்கள். கிஃபர்டின் உடல் மரத்துண்டில் அறையப்பட்டு ஆற்றில் மிதக்கவிடப்பட்டது. கோட்டையில் எஞ்சிய சிலரை வைத்துக்கொண்டு பீரங்கிக்காரர் இன்ஸ் மழைக்காலம் முழுவதும் தாக்குப்பிடித்தார். அக்டோபரில் உதவிப் படை வந்த பிறகே மூச்சுவிட முடிந்தது.

இந்தக் கதையில் பொய் அதிகமில்லை. பிட்டல்ப் கம்பெனி ஆவணங்களைப் படித்தவர்; தம் நாட்டவர் செய்த குற்றத்தையும் மறைக்காமல் எழுதினார். கோளாறு அவர் காரணங்களை அடுக்கிய முறையில் இருக்கிறது. ஒரு மனிதனின் பேராசை, ஒரு வீட்டுத் திண்ணையில் நடந்த அவமானம், அதற்குப் பழிவாங்கல், பிறகு ஒரு வீரனின் பொறுமை என்று நாடகம் நான்கு காட்சிகளில் முடிந்துவிடுகிறது. ஆற்றிங்கல் என்ற நாடும் அதன் அரசியலும் இதில் திரைச்சீலையாகத் தொங்குகின்றன, அவ்வளவுதான்.

நூல் வெளிவந்த ஆண்டைக் கவனிக்க வேண்டும். ஏழே ஆண்டுகளுக்கு முன், 1900 ஜூன் 20 முதல் ஆகஸ்ட் 14 வரை, பெய்ஜிங்கின் தூதரகப் பகுதியில் வெளிநாட்டவர் 55 நாள் முற்றுகையில் இருந்தார்கள். ஜெர்மானியத் தூதர் கெட்டலர் சீன அரசின் வெளியுறவு அலுவலகத்துக்குப் போகும் வழியில் கொல்லப்பட்ட அன்றே முற்றுகை தொடங்கியது. அதை உடைக்கப் போன பன்னாட்டுப் படையில் இந்தியச் சிப்பாய்கள் இருந்தார்கள். அந்த ஆண்டு சீனாவுக்கு அனுப்பப்பட்ட இந்தியப் படையில் மதராஸ் பயனியர், மதராஸ் சாப்பர் பிரிவுகளும் இருந்தன. 1857இன் லக்னோ முற்றுகைக் கதையோடு பெய்ஜிங் கதையும் சேர்ந்து, ஆங்கில வாசகர்களின் மனத்தில் ஓர் அச்சு வார்ப்பாகியிருந்தது: மதில், பெண்கள், குழந்தைகள், கைவிரல்விட்டு எண்ணக்கூடிய காவலர்கள், வெளியே வெறிகொண்ட கூட்டம், கடைசி நேரத்தில் வரும் மீட்புப் படை. பிட்டல்ப் அஞ்சுதெங்கை இந்த வார்ப்பில் ஊற்றினார் என்பது இக்கட்டுரையின் கருத்து. அவர் எங்கும் பெய்ஜிங்கைப் பெயர் சொல்லி ஒப்பிட்டதாகக் காட்டி இதை நிறுவ முடியாது. கதையின் கட்டுமானத்தை வைத்துச் செய்யும் ஊகம்தான். ஆனாலும் அந்த வார்ப்பு எவற்றை வெளியே தள்ளியது என்று பார்த்தால் ஊகம் வலுப்பெறுகிறது.

முதலில் வெளியே போனது 1697. ஆற்றிங்கல் ராணியின் அனுமதியோடு 1690களின் நடுவில் எழுந்த கோட்டை அது. எழுந்து சில ஆண்டுகளுக்குள், 1697இலேயே, ஒருமுறை தாக்கப்பட்டது. தாக்கியவர்களுக்கு வெற்றி கிட்டவில்லை. அப்போது கிஃபர்டு அங்கே இல்லை. ஹோலிப் பொடியும் இல்லை. ஆக, கோட்டைமீதான பகை ஒரு தலைவரின் குணத்தால் முளைத்தது என்பது நிற்காது. அது கோட்டை வந்த நாளிலிருந்தே இருந்த பகை.

மிளகை யார் யாருக்கு விற்பது என்பதே அந்தப் பகையின் வேர். அதுவரை டச்சுக்காரருக்கும் முஸ்லிம் வணிகர்களுக்கும் ஆங்கிலேயருக்கும் மாற்றிமாற்றி விற்று விலை பேசிய நாடு அது. ஏகபோக உரிமை என்று ஒப்பந்தம் வந்ததும் விளைவித்தவர் கையிலிருந்த பேரம் போய்விட்டது. நிலமும் ஆள்பலமும் உள்ளூர்த் தலைவர்களான பிள்ளைமார் கையில் இருந்தன. ராணிக்கு ஆண்டுதோறும் கம்பெனி செலுத்த வேண்டிய காணிக்கை தங்கள் வழியாகவே போக வேண்டும் என்று அவர்கள் கேட்டதாகக் கேரள வரலாற்று நூல்கள் பதிவு செய்கின்றன. கம்பெனி அதற்கு இசையவில்லை. பல ஆண்டுக் காணிக்கை நிலுவையில் கிடந்தது.

இங்கேதான் ஒரு பாடவேறுபாடு முக்கியமாகிறது. அலெக்சாண்டர் ஹாமில்டன் என்ற ஸ்காட்லாந்து மாலுமி இந்தக் கடல்களில் சுமார் முப்பத்தைந்து ஆண்டுகள் வியாபாரம் செய்தவர். அவருடைய கிழக்கிந்திய விவரண நூல் 1727இல், நிகழ்ச்சி நடந்து ஆறே ஆண்டுகளில், எடின்பரோவில் அச்சேறியது. பிட்டல்ப்பின் நூலில் கிஃபர்டை ஆற்றிங்கலுக்கு அழைப்பவர் ராணி. ஹாமில்டனோ அந்த அழைப்புக்கு முன் நடந்ததையும் சொல்கிறார். காணிக்கை கேட்டு ராணியின் ஆட்கள் வந்தார்கள். ராணியைத் தவிர வேறு யார் கையிலும் தர முடியாது என்று தலைவர் மறுத்தார். அதன் பிறகே ராணி அவரை வரச் சொன்னார். அவர் தம் பெருமை தெரியும்படி ஆலோசகர்களையும் காவல்படையில் பெரும்பகுதியையும் கூட்டிக்கொண்டு போனார்.

சிறிய வேறுபாடுதான். ஆனால் வழக்கு முழுவதும் இதில் தொங்குகிறது. ராணி தாமாகவே அழைத்தார் என்றால் நடந்தது முன்கூட்டியே விரித்த வலை. ராணியிடம் நேரில்தான் தருவேன் என்று முதலில் பிடிவாதம் செய்தவர் கிஃபர்டு என்றால், ராணிக்கும் கம்பெனிக்கும் நடுவில் இருந்த பிள்ளைமாரை ஒதுக்கிவிட்டு நேரடி உறவு வைக்கும் முயற்சியாக அந்தப் பயணம் ஆகிறது. ஆயுதம் தாங்கிய நூற்றிருபது பேருக்குக் குறையாத பரிவாரம் அந்த முயற்சிக்கு நன்றாகவே பொருந்துகிறது. பிள்ளைமார் அதைத் தங்கள் அதிகாரத்தின்மீது நடத்திய படையெடுப்பாகப் பார்த்திருந்தால் வியப்பில்லை.

ஹாமில்டனை அப்படியே நம்பிவிடவும் கூடாது. அவர் தனி வணிகர், கம்பெனிக்காரர்களைப் பிடிக்காதவர், அவர்களுடைய வீண்பெருமையைக் காட்டும் கதை எது கிடைத்தாலும் விரும்பி எழுதியவர். சம்பவத்தின்போது அவர் ஆற்றிங்கலில் இருக்கவும் இல்லை. ஆனால் பிட்டல்ப் சார்ந்து நின்ற கம்பெனிச் சான்றும் நடுநிலையானது அன்று. கிஃபர்டின் சொந்த வியாபாரம், கம்பெனிக்கு அவர் வைத்த பாக்கி ஆகியவை பற்றிய குற்றச்சாட்டுகள் பெரும்பாலும் அவர் இறந்த பின் எழுந்தவை. கணக்குப் புத்தகங்களோடு காதரின் மதராசுக்குக் கப்பலேறினார். அவருக்கும் கம்பெனிக்கும் நடந்த கணக்குத் தகராறு இங்கிலாந்து வரை போனது. இறந்தவர்மீது பழியைப் போடுவதால் உயிரோடிருந்த அத்தனை அதிகாரிகளுக்கும் லாபம் இருந்தது. பேராசைக்காரக் கிஃபர்டு என்ற படத்தில் பாதி இந்த வழக்கில் வரையப்பட்டது.

ஹோலிப் பொடிச் சம்பவத்தை ஒரேயடியாகத் தள்ளிவிட வேண்டியதில்லை. கோவா, பம்பாய்த் தொடர்புள்ள போர்த்துக்கீசியக் கலப்புக் குடும்பங்கள் பண்டகசாலையைச் சுற்றி வாழ்ந்தன. துவிபாஷி இக்னாசியோ மல்ஹேரோஸ் அத்தகையவர். அவர் வீட்டில் பங்குனி மாதம் வண்ணப்பொடி புழங்கியிருக்கலாம். ஆனால் ஒரு வீட்டில் நடந்த தகராறு சில வணிகரைச் சினப்படுத்தும்; ஒரு நாட்டின் நாயர் படையையும் பிள்ளைமாரையும் ஆறு மாதம் கோட்டையைச் சுற்றி நிறுத்தாது. முற்றுகையின் நீளமே பிட்டல்ப்பின் காரணத்துக்கு எதிரான வலுவான சான்று.

அந்த நீளத்தைக் கணக்கிடும்போது தேதி குறுக்கே வருகிறது. கொலை நடந்த நாளை நூல்கள் 1721 ஏப்ரல் 14 என்றோ 15 என்றோ சொல்கின்றன. புறப்பட்ட நாளையும் கொலை நடந்த இரவையும் பிரித்து எழுதாததால் வந்த குழப்பமாக இருக்கலாம்; இரண்டில் ஒன்றைத் தேர்ந்துகொள்ளும் அளவுக்குச் சான்று இல்லை. ஏப்ரல் 15 என்றதும் இன்றைய வாசகர் விசுவை ஒட்டிய நாள் என்று எண்ணிக்கொள்வார். காணிக்கையையும் விசுக் கைநீட்டத்தையும் முடிச்சுப் போடவும் தோன்றும். அது சரியாகாது. இங்கிலாந்து 1752 வரை பழைய ஜூலியன் நாட்காட்டியில் இருந்தது. இன்றைய கணக்குக்குக் கொண்டுவர 11 நாளைக் கூட்ட வேண்டும்: ஏப்ரல் 15 என்பது ஏப்ரல் 26. மறுபுறம், நட்சத்திர ஆண்டுக்கும் கிரிகோரியன் ஆண்டுக்கும் இடையே ஏறத்தாழ அறுபது ஆண்டுக்கு ஒரு நாள் விலகல் உண்டு. ஆகவே 1721இல் மேட சங்கராந்தி இன்றைய கணக்கில் ஏப்ரல் 9ஐ ஒட்டி விழுந்திருக்கும். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் கொலை நடந்தது கொல்லம் ஆண்டு 896, மேட மாதத்தின் மூன்றாம் வாரத்தில். ஒருநாள் முன்பின் ஆகலாம். விசு முடிந்து இரண்டு வாரத்துக்கு மேல் ஆகிவிட்டது.

இந்தத் திருத்தம் இன்னொன்றையும் தெளிவாக்குகிறது. ஏப்ரல் கடைசி என்றால் இடவப்பாதி மழைக்கு ஒரு மாதமே இருந்தது. மழை தொடங்கிவிட்டால் அந்தத் திறந்த கடற்கரையில் கப்பல் நிற்க முடியாது. உதவிப் படை தாமதித்ததற்குக் கடலே முதல் காரணம். அக்டோபர் என்பது காற்று மாறிய பருவம்.

பிட்டல்ப்பின் வார்ப்பு வெளியே தள்ளிய இன்னொரு பெரும் கூட்டம் மதிலுக்குள்ளேயே இருந்தது. இறந்தவர் எண்ணிக்கை நூற்றுமுப்பது, நூற்றுநாற்பது என்று பலவாறு வழங்குகிறது. கேரளத்தில் இன்று பேசுவோர் அத்தனை பேரையும் ஆங்கிலேயர் என்றே எழுதிவிடுகிறார்கள். அக்காலக் கம்பெனிக் கோட்டைகளில் ஆங்கிலேயர் சிறுபான்மையே. தோப்பாஸ் எனப்பட்ட போர்த்துக்கீசியக் கலப்பின வீரர்கள், சுமைகூலிகள், கோட்டையை ஒட்டி வாழ்ந்த கத்தோலிக்க மீனவர்கள் என்று உள்ளூர் மக்களே மிகுதி. பெய்ஜிங்கிலும் அதே நிலைதான்: தூதரகப் பகுதியில் வெளிநாட்டுக் குடிமக்கள் ஏறத்தாழ 470 பேர், படைவீரர் 400க்குச் சற்று மேல், சீனக் கிறிஸ்தவர்களோ 2,800 பேர் அளவில். மீட்புக் கதைகளில் முன்னவர்களுக்குப் பெயர் இருக்கிறது; பின்னவர்கள் எண்ணிக்கையாக நிற்கிறார்கள். அஞ்சுதெங்கில் எண்ணிக்கைகூட மிஞ்சவில்லை.

ஒப்புமையை இதற்குமேல் இழுப்பது தவறாகும். சீனப் பேரரசி சீஷியின் அரசவை 1900 ஜூன் 21இல் வெளிநாடுகள்மீது போர் அறிவித்தது. ஆற்றிங்கல் ராணியோ கலகத்தைத் தம்முடையதாக ஏற்கவில்லை; பின்னர் செய்த உடன்பாட்டில் குற்றவாளிகளைத் தண்டிக்கவும் இழப்பை ஈடுகட்டவும் மிளகு உரிமையை உறுதிப்படுத்தவும் ஒப்புக்கொண்டார். பிள்ளைமாருக்கும் அவருக்கும் இடையில் இருந்த விரிசலுக்கு இதைவிட நல்ல சான்று வேண்டியதில்லை. இந்நிகழ்ச்சியை இந்தியாவின் முதல் ஒழுங்கமைந்த ஆங்கில எதிர்ப்பு என்று பாராட்டும் கேரள மரபும் இந்த விரிசலைக் கடந்து போய்விடுகிறது. எதிர்ப்பு உண்மையானது. அதை நடத்தியவர்கள் தம் அரசியோடும் மோதிக்கொண்டிருந்தார்கள் என்பதும் உண்மை.

ஆதாயம் மூன்றாம் ஆளுக்குப் போனது. 1723இல் வேணாட்டின் சார்பில் இளவரசர் மார்த்தாண்ட வர்மா அஞ்சுதெங்குத் தலைவர் அலெக்சாண்டர் ஓர்மோடு உடன்படிக்கை செய்தார். 1729இல் அரியணை ஏறியபின் பிள்ளைமாரை ஒடுக்கினார். ஆற்றிங்கலின் தனி அதிகாரமும் அவர் காலத்தில் முடிவுக்கு வந்தது. அந்த ஓர்மின் மகன் ராபர்ட், பின்னாளில் கம்பெனிப் போர்களின் வரலாற்றை எழுதியவர், 1728இல் அஞ்சுதெங்கில்தான் பிறந்தார்.

அஞ்சுதெங்கு நெடுங்காலம் பிரிட்டிஷ் துண்டுநிலமாகவே நீடித்து, திருநெல்வேலி மாவட்டத்தோடு இருந்து, 1950இல்தான் திருவிதாங்கூர்–கொச்சியில் சேர்ந்தது. ஆகவே இது தமிழ்நாட்டு ஆய்வாளர்களின் பொறுப்பும்தான். கோட்டை பம்பாயின் ஆளுகையில் இருந்தாலும், விதவைகள் தஞ்சம் புகுந்தது மதராஸில். புனித ஜார்ஜ் கோட்டையின் 1721ஆம் ஆண்டு ஆலோசனைக் குறிப்புகள் அச்சிலும் கிடைக்கின்றன. மூலங்கள் எழும்பூர் ஆவணக் காப்பகத்தின் பொறுப்பில் உள்ளன. ஹாமில்டன் சரியா, பிட்டல்ப் சரியா என்ற கேள்வியோடு அந்த ஆண்டின் பக்கங்களை ஒரு தமிழ் ஆய்வு மாணவர் வரிவரியாகப் படிக்க வேண்டும். அதற்குள் ஆற்றிங்கல் நினைவுநாள் கொண்டாடுவோர் தங்கள் நாட்காட்டியில் ஏப்ரல் 15ஐ 26 என்று திருத்திக்கொள்ளலாம்.