‘அல்காரிதம்’ என்பது யாது?

ஒரு பொருளுக்கு வரைவிலக்கணம் கூறுவது எளிய செயல் போலத் தோன்றும். பலர் கூடி ஒரு கலைக்களஞ்சியம் எழுதப் புகும்போதுதான் அதன் அருமை புலனாகும். அன்றாடம் எல்லோரும் ஐயமின்றி வழங்கி வரும் சொல்லே அங்கு முதல் வழக்காக வந்து நிற்கும். கணிப்பொறி இயலின் அடிப்படைச் சொல்லாகிய ‘அல்காரிதம்’ அத்தகையது. தமிழில் இதனை நெறிமுறை என்றும் படிமுறை என்றும் எழுதுகின்றனர். ஒரு முஸ்லிம் அறிஞரின் பெயரிலிருந்து பிறந்த சொல் இது. ஆதலின், இதன் பொருள் குறித்து எழுந்த வாதங்களை நாமும் அறிந்திருத்தல் தகும்.

அப்பாஸியக் கலீஃபா மஃமூன் (813–833) ஆட்சிக் காலத்தில் பக்தாத் நகரில் அறிவுப்பணி ஆற்றியவர் முஹம்மது இப்னு மூஸா அல் குவாரிஸ்மீ. அவருடைய கணித நூலின் பெயரில் உள்ள ‘அல் ஜப்ர்’ என்னும் சொல்லே மேனாட்டார் நாவில் ‘அல்ஜீப்ரா’ ஆயிற்று. அந்நூலின் ஒரு பெரும் பகுதி, வஸிய்யத்தையும் வாரிசுப் பங்கையும் கணக்கிடும் வழிகளைக் கூறுவதாகும். பிள்ளைகளை விட்டு இறந்தவரின் மனைவிக்கு எட்டில் ஒரு பங்கு என்பது திருக்குர்ஆனின் கட்டளை. கடனும் வஸிய்யத்தும் போக எஞ்சியதைப் பலருக்கும் பிழையின்றிப் பிரித்துக் கொடுக்க, எதனை முதலில் செய்வது, எதனை அடுத்துச் செய்வது என்னும் ஒழுங்கு வேண்டும். அந்த ஒழுங்கையே குவாரிஸ்மீ எடுத்துக்காட்டுகளோடு விளக்கினார்.

இந்திய எண்களைக் கொண்டு கணக்கிடும் முறையைப் பற்றியும் அவர் ஒரு நூல் செய்தார். அதன் அரபு மூலம் இன்று கிடைக்கவில்லை. 12ஆம் நூற்றாண்டில் லத்தீன் மொழிக்குச் சென்ற வடிவமே எஞ்சியுள்ளது. அதில் ஆசிரியரின் பெயர் ‘அல்கோரிஸ்மி’ எனத் திரிந்து காணப்படுகிறது. நாளடைவில் மனிதர் மறைந்து, அவர் பெயர் புதிய எண்கணக்கு முறையின் பெயராகிவிட்டது.

பிற்கால அகராதியாளர்கள் சொல்லின் வேரை அறியாமல் இடர்ப்பட்டனர். ‘வலி’ எனவும் ‘எண்’ எனவும் பொருள்படும் இரு கிரேக்கச் சொற்களின் கூட்டே இது என்றார் சிலர். காஸ்டீல் நாட்டு அல்கோர் மன்னரின் பெயர் என்றார் வேறு சிலர். 1849இல் ரெய்னோ என்னும் பிரெஞ்சு அறிஞர் இதனைக் குவாரிஸ்மீயின் பெயரோடு பொருத்திக் காட்டினார். 1857இல் அந்த லத்தீன் ஏடு அச்சேறியபோது ஐயம் நீங்கிற்று. ஊகத்தை உண்மையாக எழுதிவைத்தால், ஒரு பேரறிஞரின் பெயரே நூற்றாண்டுக் கணக்கில் மறைந்துபோகும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

வேர் தெளிந்தது, ஆயினும் பொருள் தெளிந்தபாடில்லை. வெப்ஸ்டர் புத்துலக அகராதியில் 1957 வரையிலும் எண்கணக்கைக் குறிக்கும் பழைய வடிவம் மட்டுமே இருந்தது என டொனால்டு நூத் குறிப்பிடுகிறார். கணிப்பொறி இயலின் பெருநூல்களுள் ஒன்றை 1968இல் வெளியிடத் தொடங்கிய அவர், அல்காரிதத்திற்கு ஐந்து இலக்கணங்களை வகுத்தார். அது ஒரு முடிவுக்கு வரவேண்டும், ஒவ்வொரு படியும் ஐயமின்றி வரையறுக்கப்பட வேண்டும், உள்ளீடு உண்டு, வெளியீடு உண்டு, படிகள் யாவும் ஒருவர் எழுதுகோல் கொண்டு செய்யத்தக்க எளிமை உடையனவாக இருக்கவேண்டும்.

யூக்ளிடின் பழைய முறை இவ்வைந்துக்கும் பொருந்தும். 84, 36 ஆகிய எண்களின் மீப்பெரு பொது வகுத்தியைக் காணவேண்டுமாயின், 84ஐ 36ஆல் வகுக்க மீதி 12. 36ஐ 12ஆல் வகுக்க மீதி இல்லை. ஆகவே விடை 12. எந்த இரு முழு எண்களைக் கொடுத்தாலும் இது முடிந்தே தீரும்.

வழக்கு எழுவது முதல் இலக்கணத்தின் மீதுதான். எந்நேரமும் இயங்கிக்கொண்டே இருக்கவேண்டிய போக்குவரத்து விளக்கின் கட்டளைத் தொகுதி அல்காரிதம் ஆகாதா என ஒரு சாரார் வினவுகின்றனர். இன்னொரு சிக்கலும் உண்டு. ஓர் எண்ணை எடுத்துக்கொள்வோம். இரட்டை எண்ணாயின் பாதியாக்குக. ஒற்றை எண்ணாயின் மூன்றால் பெருக்கி ஒன்றைக் கூட்டுக. 1 வந்ததும் நிறுத்துக. 7இல் தொடங்கினால் 16 படிகளில் 1 வருகிறது; 27இல் தொடங்கினால் 111 படிகள் ஆகின்றன. எல்லா எண்களுக்கும் இது முடியுமா என்பதை இன்றுவரை எவரும் நிறுவவில்லை. அவ்வாறாயின், சிறுவனும் செய்யத்தக்க இம்முறையை அல்காரிதம் என்பதா, அன்று என்பதா? எந்தக் கட்டளைத் தொகுதியைக் கொடுத்தாலும் அது முடியுமா முடியாதா எனத் தீர்ப்பளிக்கும் பொதுமுறை ஒன்று இருக்கவே முடியாது என்பது, ஆலன் டூரிங் 1936இல் எழுதிய ஆய்வின் வழியே நிறுவப்பட்ட உண்மை. எனவே ‘முடிதல்’ என்பதை இலக்கணமாக வைத்தால், எது அல்காரிதம் என்பதையே பல இடங்களில் நம்மால் கூறமுடியாமற் போகும்.

மறுசாராரின் கூற்றும் புறக்கணிக்கத்தக்கதன்று. பங்கு கேட்டு வந்த வாரிசுகளிடம் காழி ஒருவர் முடிவே இல்லாத கணக்கைப் போட்டுக்கொண்டிருந்தால் அதனை முறை என்று எவரும் ஒப்புவரோ? விடை தருவதற்கே முறை; விடை தராதது முறையாகாது என்கின்றனர் அவர்கள். முடிவுறாதவற்றிற்கு நூத் ‘கணிப்பு முறை’ என வேறு பெயர் சூட்டினார். யூரி குரேவிச் என்னும் அறிஞரோ, எண் என்னும் கருத்து காலந்தோறும் விரிந்தது போல இதுவும் விரிந்து வருவதால், முழுமையான வரைவிலக்கணம் இப்போதைக்கு இயலாது என்றார்.

இந்நிலையில் களஞ்சியம் எழுதுவோர் யாது செய்வது? பெரும்பான்மையினர் கை தூக்கியதை எழுதிவிட்டு ஏனையதை அடித்துவிடுவதா? 2001இல் தொடங்கப்பெற்ற விக்கிப்பீடியா, எவரும் எழுதலாம் என வாயிலைத் திறந்துவிட்டதோடு, மாறுபட்ட கருத்துக்களை நடுநிலையோடும் சான்றோடும் தருக என்னும் விதியையும் வகுத்துக்கொண்டது. இவ்வழி நமக்குப் புதிதன்று. குர்துபாவின் காழியாக விளங்கிய இப்னு ருஷ்து (1126–1198) தம் ‘பிதாயத்துல் முஜ்தஹித்’ என்னும் நூலில், இமாம்கள் ஒன்றுபட்டதை உரைத்து, வேறுபட்டதை அவரவர் பெயரால் உரைத்து, வேறுபாடு எதனால் வந்தது என்னும் காரணத்தையும் உரைப்பார். ஷாஃபிஈகளும் ஹனஃபிகளும் ஒரே ஊரில் வாழும் நமக்கு, கருத்து வேறுபாட்டைப் பதிவு செய்வது ஒற்றுமையைக் குலைப்பதன்று என்பதை எவரும் எடுத்துச் சொல்ல வேண்டுவதில்லை.

வரைவிலக்கணம் எழுதுவோர் கையில் இருப்பது ஓர் அமானிதம். முடிவாகாத ஒன்றை முடிந்ததாக எழுதினால், படிக்கும் மாணவன் அதனையே உண்மை எனக் கொள்வான், மேலும் வினவமாட்டான். குவாரிஸ்மீயின் பெயருக்கு நேர்ந்தது அவர் தந்த சொல்லின் பொருளுக்கும் நேர்ந்துவிடும். நம் ஆலிம்கள் எல்லாக் கருத்துக்களையும் எடுத்துரைத்த பின்னர் ‘வல்லாஹு அஃலம்’ என முடிப்பது அறியாமையால் அன்று. அறிவின் எல்லையை அறிந்தமையால் ஆகும். நம் பிள்ளைகள் நாளை எந்தக் களஞ்சியத்திற்கு எழுதினாலும் அந்த நேர்மையோடு எழுதுவார்களாக.