ஐம்பது ரூபாயில் தொடங்கிய ஜீவனாம்சம்

ஜீவனாம்சம் என்றாலே விவாகரத்துக்குப் பிறகு கொடுக்கும் பணம் என்றுதான் நம்மில் பலர் நினைக்கிறோம். உண்மையில் விவாகரத்து ஆகியிருக்க வேண்டிய அவசியமே இல்லை. வசதியுள்ள கணவர் கவனிக்காமல் கைவிட்டால், தங்களைத் தாங்களே காப்பாற்றிக்கொள்ள முடியாத மனைவியும் பிள்ளைகளும் மாதாமாதம் பணம் கேட்டு மனுப் போடலாம். இந்த உரிமை நம் நாட்டில் 160 வருடங்களுக்கு மேலாக இருக்கிறது. அது வளர்ந்த கதையைத் தெரிந்துகொள்வது நமக்கும், நம் வீட்டுக்கு வேலைக்கு வரும் பெண்களுக்கும் உதவும்.

முதலில் ஒரு சந்தேகம் வரலாம். குடும்ப விஷயம் ஏன் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இருக்கிறது? 1861-ல் ஆங்கிலேய அரசு அந்தச் சட்டத்தை முதன்முதலாகக் கொண்டுவந்தபோதே இதையும் சேர்த்துவிட்டது. கைவிடப்பட்டவர்கள் சோற்றுக்கு வழியில்லாமல் தெருவுக்கு வந்துவிடக் கூடாது என்பதே அன்றைய கவலை. சிவில் வழக்கு முடிய வருடக்கணக்காகும். பசி அதுவரை காத்திருக்காது. அதனால் பொறுப்பை மாஜிஸ்திரேட்டிடம் கொடுத்தார்கள். எந்த மதத்தவராக இருந்தாலும் ஒரே விதி. முறையான திருமணத்தில் பிறக்காத குழந்தைக்கும் தகப்பன் பணம் கொடுத்தாக வேண்டும்.

1898-ம் வருடச் சட்டத்தில் இது 488-வது பிரிவு. மாதம் 50 ரூபாய்க்கு மேல் உத்தரவிட முடியாது. 1923-ல் அந்த வரம்பு 100 ஆனது, 1955-ல் 500 ஆனது. இடையில் 1949-ல் ஒரு முக்கியமான திருத்தம் வந்தது. அதற்கு முன்பெல்லாம், "என்னோடு வந்து இருந்தால் சோறு போடுகிறேன்" என்று கணவர் சொல்லிவிட்டால் மனைவியின் பாடு சிக்கல்தான், வீட்டில் இன்னொரு மனைவி இருந்தாலும்கூட. கணவர் வேறு பெண்ணை மணந்திருந்தாலோ, வேறு பெண்ணை வைத்திருந்தாலோ, மனைவி அவரோடு வாழ மறுப்பது நியாயமே என்று அந்தத் திருத்தம் சொன்னது. சென்னை மாகாணம் இந்துக்களுக்கு இருதார மணத்தைத் தடை செய்ததும் அதே வருடம்தான்.

1973-ல் சட்டத்தைப் புதிதாக எழுதினார்கள். நம் வக்கீல்கள் வாயில் புழங்கும் "125 கேஸ்" அப்போது பிறந்தது. மனைவி தான் வசிக்கும் ஊரிலேயே மனுப் போட வழி கிடைத்தது. வயதான பெற்றோரும் கேட்கலாம் என்றானது. மறுமணம் செய்துகொள்ளாத, விவாகரத்தான பெண்ணையும் "மனைவி" என்ற சொல்லுக்குள் சேர்த்தார்கள். அதுவரை, பணம் கொடுப்பதிலிருந்து தப்பிக்க விவாகரத்தே ஒரு குறுக்குவழியாக இருந்தது.

அந்தக் குறுக்குவழியைப் பற்றிய வழக்குதான் இந்தூரைச் சேர்ந்த ஷா பானோவுடையது. 43 வருட மண வாழ்க்கைக்குப் பிறகு, வக்கீலான கணவர் அவரை வீட்டைவிட்டு வெளியேற்றினார். 1978-ல் அவர் மனுப் போட்டார். வழக்கு நடக்கும்போதே கணவர் தலாக் சொன்னார். மாஜிஸ்திரேட் கொடுத்தது மாதம் 25 ரூபாய். உயர் நீதிமன்றம் அதை 179 ரூபாய் 20 காசாக்கியது. 1985-ல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. பெரிய அரசியல் கொந்தளிப்புக்குப் பிறகு, விவாகரத்தான முஸ்லிம் பெண்களுக்கென 1986-ல் தனிச் சட்டம் வந்தது. அப்படி இருந்தாலும் அவர்கள் 125-ன் கீழும் கேட்கலாம் என்று 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

500 ரூபாய் வரம்பு என்ன ஆனது? சில மாநிலங்கள் தாங்களாகவே உயர்த்தின. கடைசியில் 2001-ல் நாடாளுமன்றம் வரம்பையே எடுத்துவிட்டது. அதாவது 1955-ல் வைத்த தொகை சட்டப் புத்தகத்தில் 46 வருடம் அசையாமல் இருந்தது. அரிசி விலையும் வாடகையும் அப்படி இருக்கவில்லை. வழக்கு முடியும்வரை இடைக்கால ஜீவனாம்சம் கேட்கும் உரிமையும் அப்போதுதான் சட்டத்தில் எழுதப்பட்டது. அந்த மனுவைக் கூடியவரை 60 நாளில் முடிக்க வேண்டும்.

2020-ல் உச்ச நீதிமன்றம் இன்னொரு ஓட்டையை அடைத்தது. இரு தரப்பும் வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரத்தில் காட்ட வேண்டும். மனுப் போட்ட தேதியிலிருந்தே பணம் கணக்காகும். எனவே வாய்தா வாங்கிக்கொண்டே போவதில் லாபமில்லை.

2024 ஜூலை 1 முதல் பழைய 125 புதிய சட்டத்தில் 144-வது பிரிவாகியிருக்கிறது. எண்தான் மாறியது, உரிமை அப்படியே இருக்கிறது. குடும்ப நல நீதிமன்றம் உள்ள ஊர்களில் மனுவை அங்கே போட வேண்டும். உத்தரவுக்குப் பிறகும் போதிய காரணமில்லாமல் பணம் தராதவருக்குச் சிறைத் தண்டனைகூட உண்டு. ஆனால் பாக்கியை ஒரு வருடத்துக்குள் கேட்டுவிட வேண்டும். இதைப் பலர் கோட்டைவிடுகிறார்கள்.

உங்களுக்குத் தெரிந்த யாராவது, "விவாகரத்து வேண்டாம், ஆனால் பிள்ளைகளுக்குப் பள்ளிக் கட்டணம் கட்ட வழியில்லை" என்று தவித்தால், இதைச் சொல்லுங்கள். வக்கீலுக்குப் பணமில்லை என்று தயங்கினால், மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு அனுப்பிவையுங்கள். வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்களுக்கு அங்கே சட்ட உதவி இலவசம். தேசிய உதவி எண் 15100. இந்த எண்ணை நம் பிளாக் அறிவிப்புப் பலகைகளிலும் எழுதி வைக்கலாமே.