லபுடாவின் காந்தக்கல்லும் அச்சேறாத ஐந்து பத்திகளும்

'லபுடா' என்றதும் நம்மில் பலருக்கு மியாசாகியின் 1986ஆம் ஆண்டுப் படம்தான் ஞாபகத்துக்கு வரும். வானத்தில் மிதக்கும் கோட்டை, ஒளிரும் நீலக்கல், மெல்ல இறங்கி வரும் சிறுமி. ஆனால் அந்தப் பெயருக்கு அப்போதே 260 வயது. 1726 அக்டோபரில் லண்டனில் வெளிவந்த ஜோனதன் ஸ்விஃப்ட்டின் 'கலிவரின் பயணங்கள்' நூலின் மூன்றாம் பாகத்தில் பறந்த தீவு அது. சின்ன வயதில் நாம் படித்த சுருக்கப் பதிப்புகளில் குள்ளர்களும் ராட்சதர்களும் வருவார்கள். இந்தத் தீவு பெரும்பாலும் வராது.

பொறியியல் படித்த பழக்கம், கதையை விட்டுவிட்டு இயந்திரத்தைத்தான் முதலில் பார்த்தேன். ஸ்விஃப்ட் அசல் விவரக்குறிப்பே எழுதியிருக்கிறார். தீவு வட்டமானது, விட்டம் 7,837 கெஜம், கிட்டத்தட்ட நாலரை மைல். அடித்தளம் உடைக்க முடியாத அளவுக்கு உறுதியான பாறை. நடுவில் ஒரு குகை. அதற்குள் தறி நாடாவின் வடிவத்தில் 6 கெஜ நீளமுள்ள காந்தக்கல், ஓர் அச்சில் பொருத்தப்பட்டிருக்கிறது. பலமில்லாத கைகூட அதைத் திருப்பிவிடலாம். ஒரு முனை கீழேயிருக்கும் நிலத்தை ஈர்க்கும், மறுமுனை விலக்கும். ஈர்க்கும் முனையைக் கீழ்நோக்கி வைத்தால் தீவு இறங்கும். விலக்கும் முனையை வைத்தால் ஏறும். சாய்த்தால் சாய்வாக நகரும். கிடையாக வைத்தால் அப்படியே நிற்கும்.

வில்லியம் கில்பர்ட் பூமியே ஒரு பெரிய காந்தம் என்று 1600இல் எழுதினார். நியூட்டனின் ஈர்ப்பு விதி 1687இல் வந்தது. இரண்டையும் தெரிந்துகொண்டு, கொஞ்சம் கிண்டலோடு ஸ்விஃப்ட் செய்த கருவி இது. இயற்பியல்படி பார்த்தா நிக்காது. சாதாரண நிலைக்காந்தங்களை மட்டும் வைத்து ஒரு பொருளை அசையாமல் மிதக்கவிட முடியாது என்று 1842இல் சாமுவேல் எர்ன்ஷா காட்டிவிட்டார். ஸ்விஃப்ட்டுக்கு அது கவலையே இல்லை. அவர் கவனமெல்லாம் அந்தக் கல்லை வைத்து ராஜா என்ன செய்கிறார் என்பதில் இருக்கிறது.

கீழேயிருக்கும் நாட்டின் பெயர் பால்னிபார்பி. அங்கே ஒரு நகரம் கலகம் செய்தாலோ, வரி கட்ட மறுத்தாலோ, ராஜா தீவை அதன் தலைக்கு மேல் கொண்டுவந்து நிறுத்துவார். வெயில் போச்சு, மழை போச்சு. பஞ்சமும் நோயும் வரும். அடங்கவில்லையென்றால் மேலிருந்து கற்கள் விழும். கடைசி ஆயுதம், தீவையே நகரத்தின் மேல் இறக்கி நசுக்குவது. பறப்பதற்கான கருவி அப்படியே ஆட்சி செய்வதற்கான கருவியாகிறது.

ஆனால் அதற்கும் வரம்புகள் உண்டு. கல்லுக்கு வேலை செய்யும் கனிமம் அந்த ராஜ்ஜியத்தின் மண்ணுக்கடியில் மட்டும்தான் இருக்கிறது. எல்லையைத் தாண்டினாலோ, நாலு மைலுக்கு மேல் ஏறினாலோ தீவு போகாது. கீழே மந்திரிகளுக்கே நிலபுலன்கள் இருப்பதால், நசுக்கச் சொல்லி அவர்கள் ஆலோசனை தருவதில்லை. நகரத்தில் உயரமான பாறையோ கோபுரமோ இருந்தால், அதில் மோதி அடித்தளம் விரிசல்விடலாம். அதனால் ராஜா தீவை மெதுவாகத்தான் இறக்கச் சொல்வார். வெளியே சொல்வது குடிமக்கள்மேல் இரக்கம்; உள்ளே இருப்பது பயம்.

இது எங்கிருந்து வந்தது என்று பார்க்க, டப்ளினுக்குப் போக வேண்டும். 1722இல் அயர்லாந்துக்குச் செப்புக்காசு அடித்துத் தரும் உரிமை வில்லியம் வுட் என்ற ஆங்கிலேய வணிகருக்கு லண்டனிலிருந்து தரப்பட்டது. அயர்லாந்து நாடாளுமன்றத்தை யாரும் கேட்கவில்லை. காசின் தரத்தைச் சோதிக்கும் வேலை, அப்போது அரச நாணயசாலையின் தலைவராக இருந்த அதே நியூட்டனிடம் போனது. 1724இல் தரம் சரி என்று அறிக்கை வந்தது. ஆனால் பிரச்சினை செம்பின் எடையோடு முடியவில்லை. ஒரு துணிக்கடைக்காரரின் பெயரில் ஸ்விஃப்ட் அதே ஆண்டு கடிதங்கள் எழுதினார். காசு மோசம் என்று தொடங்கியவர், ஆளப்படுபவர்களின் சம்மதமில்லாத ஆட்சி அடிமைத்தனம் என்ற இடத்துக்கு வந்து சேர்ந்தார். எழுதியவரைக் காட்டிக்கொடுத்தால் 300 பவுண்டு என்று அரசு அறிவித்தது. எழுதியவர் யார் என்று டப்ளினுக்கே தெரியும். ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. 1725இல் உரிமை திரும்பப் பெறப்பட்டது.

இதையே அவர் கதைக்குள்ளும் எழுதினார். லிண்டலினோ என்ற நகரம் ஆளுநரைப் பிடித்து வைத்துக்கொண்டு கதவுகளைச் சாத்துகிறது. பெயரில் 'லின்' இரண்டு முறை வருகிறது பாருங்கள்: டபுள் லின், டப்ளின். மக்கள் நாலு மூலையிலும் கோபுரம் கட்டி, ஒவ்வொன்றின் உச்சியிலும், நடுவிலிருக்கும் கூரான பாறையின் மேலும் ஒரு பெரிய காந்தக்கல் வைக்கிறார்கள். அது பலிக்காவிட்டால் அடித்தளத்தை வெடிக்கவைக்க எரிபொருளும் சேர்த்து வைக்கிறார்கள். தீவு இறங்குகிறது, வழக்கத்தைவிட வேகமாக. கல்லைத் திருப்பியும் பிடித்து நிறுத்த முடியவில்லை. ராஜா நகரத்தின் நிபந்தனைகளுக்கு ஒத்துக்கொள்கிறார். தீவு இன்னும் கொஞ்சம் இறங்கி மாட்டியிருந்தால், அதை அங்கேயே கட்டிவைத்து, ராஜாவைக் கொன்று, ஆட்சியையே மாற்றுவதாக அவர்கள் முடிவுசெய்திருந்தார்கள் என்றும் ஒரு வரி வருகிறது.

ஐந்தே பத்திகள். 1726 பதிப்பில் அவை இல்லை. 1735இல் டப்ளினிலேயே வந்த பதிப்பிலும் இல்லை. ஸ்விஃப்ட்டின் நண்பர் சார்ல்ஸ் ஃபோர்டு வைத்திருந்த பிரதியில் கையெழுத்தாகவே தங்கிவிட்டன. அச்சில் வந்தது 1899இல். 173 வருஷம், தீவு எப்படிப் பறக்கும், எப்படி நசுக்கும் என்று உலகம் முழுக்கப் படித்தார்கள். அதை எப்படி இறக்குவது என்ற பகுதி மட்டும் படிக்கக் கிடைக்கவில்லை.

அந்த ஐந்து பத்திகளில் என்னைப் பிடித்துக்கொண்டது அந்தப் பதில் ஆயுதம். மக்கள் புதிதாக எந்த அறிவியலையும் கண்டுபிடிக்கவில்லை. மேலே இருப்பதும் காந்தக்கல், கீழே வைத்ததும் காந்தக்கல். வருஷக்கணக்கில் நிழலில் நின்றவர்களுக்கு அந்த இயந்திரத்தின் பலவீனம் அதை ஓட்டுகிறவர்களைவிட நன்றாகத் தெரிந்திருந்தது.

முழுப் பதிப்பு கையில் கிடைத்தால் மூன்றாம் பாகம், மூன்றாம் அத்தியாயத்தைத் திறந்து பாருங்கள். லிண்டலினோ இருக்கிறதா என்று முதலில் தேடுங்கள்.